காத்தலும் காத்திருத்தலும்

புதுவையிலிருந்து கிழக்குக் கடற்கரைச் சாலையில் மரக்காணம் நோக்கிச் செல்வோர்க்கு வலப்புறம் கடலும் இடப்புறம் செம்மண் மேடும் துணைவரும். அம்மேட்டின்மீது, ஆரோவில்லை அடுத்து, விழுப்புரம் மாவட்டம் வானூர் வட்டத்தில் இடையஞ்சாவடி என்னும் சிற்றூர் உள்ளது. பெயரைப் பிரித்தால் இடையன், சாவடி என இரு சொற்கள் கிடைக்கும். ஆடு மாடு மேய்ப்போன் வழியில் தங்கி இளைப்பாறும் இடம் என்னும் பொருள் அதில் தோன்றுகிறது.

சில திங்களுக்கு முன் அவ்வூரில் வாழும் உறவினர் ஒருவர் இல்லத்திற்குச் சென்றிருந்தேன். அவ்வீட்டில் எனக்குப் பேத்தி முறையாகும் சிறுமி, ஏழாம் வகுப்பு மாணவி, ஆங்கிலப் பாடத்தில் ஒரு வாக்கியத்தைத் தமிழாக்கிக்கொண்டிருந்தாள். மேய்ப்பன் ஒருவன் தன் ஆடுகளைப் பேணி வருகிறான் என்பது அவ்வாக்கியத்தின் கருத்து. பேணுதலுக்கு அங்கே ஆளப்பட்டிருந்த ஆங்கில வினைச்சொல் 'டெண்ட்' என்பது. கையடக்க அகராதியைப் புரட்டிய குழந்தை, அதில் முதலாவதாகக் கொடுக்கப்பட்டிருந்த பொருளை எடுத்துக்கொண்டு, "இடையன் ஆடுகளின் பக்கம் சாய்கிறான்" என்று எழுதி வைத்திருந்தாள்.

வீட்டிலிருந்தோர் அனைவரும் சிரித்தோம். சிரிப்பு அடங்கியபின் அவள் என்னைப் பார்த்து, "ஒரே சொல்லுக்கு ஏன் தாத்தா ரெண்டு அர்த்தம்? சாயறதும் பாத்துக்கறதும் ஒண்ணா?" என்று கேட்டாள். அன்று நான் ஏதோ விடை கூறி அமைந்தேன். அவ்விடை போதாது என்பதை நானே அறிவேன். அதனை நிறைவு செய்யும் சிறு முயற்சியே இக்கட்டுரை.

ஒரு வேரின் கிளைகள்

இலத்தீன் மொழியில் 'தெந்தெரே' என்றொரு வினை உண்டு. நீட்டுதல், இழுத்து விரித்தல், ஒன்றை நோக்கிச் செல்லுதல் என்பன அதன் பொருள்கள். பழைய பிரெஞ்சு மொழியின் வழியாக அது ஆங்கிலத்தை அடைந்து பல சொற்களாகக் கிளைத்தது. அவற்றுட் சில இன்று தமிழர் நாவிலும் வழங்குகின்றன. துணிக்கூரையை இழுத்துக் கட்டிய டெண்ட் கொட்டகையில் நம்மில் மூத்தோர் படம் பார்த்திருக்கிறோம். அந்த டெண்ட்டும் இந்த டெண்ட்டும் ஆங்கிலத்தில் ஈற்றெழுத்தால் வேறுபட்டவை. ஆயினும் வேரால் உடன்பிறந்தவை. அரசுத் துறைகள் கோரும் 'டெண்டர்', ஒருவர் தம் விலையை நீட்டி முன்வைப்பது. எதற்கெடுத்தாலும் நாம் சொல்லும் 'டென்ஷன்', அளவு மீறி இழுக்கப்பட்ட மனத்தின் நிலை. விரித்தல், நீட்டுதல் என்னும் பொருளுடைய 'தன்' என்னும் வடமொழி வேரும் இதற்கு இனமானதே என்று மொழியறிஞர் கொள்வர். அவ்வேரின் வழி வந்த 'தந்தி' நம் வீணையிலும் யாழிலும் கட்டப்பட்டிருக்கிறது.

'டெண்ட்' என்னும் வினை ஆங்கிலத்துள் இரு வாயில்களால் நுழைந்தது. நேர் வாயிலால் வந்தது, ஒருபக்கம் செல்லும் இயல்பைக் குறித்தது. சாய்தல், ஒன்றன்பால் நாட்டம் கொள்ளுதல் என்பன அதன் பொருள்கள். மற்றொன்று 'அட்டெண்ட்' என்னும் சொல்லின் முதலெழுத்துத் தேய்ந்ததனால் எஞ்சியது. தாமரை என்பது செய்யுளில் 'மரை' என்று நின்றால் நம் இலக்கணத்தார் அதனை முதற்குறை என்பர். இதுவும் அவ்வகைக் குறையே. 'அட்டெண்ட்' என்பதற்கு ஒன்றை நோக்கி நீட்டுதல் என்பது மூலப்பொருள். நீட்டப்படுவது மனம். மனத்தை ஒருவர்பால் நீட்டியவன் அவர் அருகில் இருப்பான். அருகில் இருப்பவன் வேண்டிய பணி செய்வான். பணி செய்பவன் பேணுபவன் ஆவான். இவ்வாறு படிப்படியாகப் பொருள் விரிந்தது. மருத்துவமனையில் நோயாளியுடன் தங்குபவரை 'அட்டெண்டர்' என்கிறோம். பள்ளியில் வருகைப் பதிவை 'அட்டெண்டன்ஸ்' என்கிறோம். முன்னதில் பணியும் பின்னதில் இருப்பும் சிறந்து நிற்கின்றன.

பேணுதலைக் குறிக்கும் மற்றோர் ஆங்கிலச் சொல்லாகிய 'கேர்' முற்றிலும் வேறான பிறப்புடையது. பழைய ஆங்கிலத்தில் அது துயரத்தையும் கவலையையும் குறித்தது. புலம்பல் என்னும் பொருளுடைய பழைய ஜெர்மானியச் சொல் ஒன்று அதற்கு உறவு. புனித வெள்ளியை ஜெர்மானியர் இன்றும் 'கார்ஃப்ரைடாக்' என்று அழைப்பர்; அப்பெயரின் முற்பகுதி அந்தத் துயரச் சொல்லேயாகும். ஆக, ஆங்கிலத்தில் பேணுதல் என்பதற்கு ஒரு சொல் துயரத்திலிருந்தும் மற்றொன்று நீட்டுதலிலிருந்தும் பிறந்தன. நாம் ஒருவரைப் பேணும்போது அவரை நினைந்து துயருறுகிறோமா, அல்லது அவரை நோக்கி நம்மை நீட்டுகிறோமா? பெரும்பாலும் இரண்டும் கலந்தே நிகழ்கின்றன. எது எங்கே முடிந்து மற்றது எங்கே தொடங்குகிறது என்பதை நாம் அறியாதிருப்பதால்தான் இடர்கள் விளைகின்றன.

பிரெஞ்சு சொல்வதும் தமிழ் சொல்வதும்

புதுவையில் பிரெஞ்சு மொழி அறிந்தோர் இன்றும் உளர். 'அட்டெண்ட்' என்பதன் உடன்பிறப்பாகிய 'அத்தாந்த்ர்' என்னும் சொல்லுக்கு என்ன பொருள் என்று அவர்களைக் கேட்டால், 'காத்திருத்தல்' என்பர். ஆங்கிலத்தில் உடனிருந்து பணிசெய்தலாக வளர்ந்த அதே சொல், பிரெஞ்சில் எதிர்நோக்கி இருத்தலாக நிலைபெற்றுவிட்டது.

தமிழர்க்கு இதில் வியப்படைய ஒன்றும் இல்லை. 'கா' என்னும் ஓரெழுத்து வினை நம்மிடம் உண்டு. காத்தல், காவல், காப்பு என அதன் குடும்பம் பெரியது. அதனோடு 'இரு' என்பதைச் சேர்த்தால் 'காத்திரு' ஆகிறது. பேருந்துக்குக் காத்திருக்கிறோம், விருந்தினர்க்குக் காத்திருக்கிறோம். அச்சொல்லை அன்றாடம் பயன்படுத்தும் நாம் அதனுள் 'காத்தல்' இருப்பதை எண்ணிப் பார்ப்பதில்லை. காத்து இருத்தல், அதாவது காவல் செய்துகொண்டு அங்கேயே இருத்தல், என்பதே அதன் அமைப்பு. உறவற்ற இரு மொழிக் குடும்பங்கள் ஒன்றையொன்று கேளாமலே பேணுதலையும் காத்திருத்தலையும் ஒரே வேரில் கட்டியிருக்கின்றன என்றால், அதற்குக் காரணம் மொழியில் இல்லை. வாழ்க்கையில் இருத்தல் வேண்டும்.

அதனைக் காண இடையஞ்சாவடியைச் சுற்றியுள்ள நிலத்தையே பார்க்கலாம்.

உப்பளம் காட்டும் பாடம்

இடையஞ்சாவடியிலிருந்து வடக்கே சென்றால் மரக்காணத்து உப்பளங்கள் வரும். அளத்தொழிலாளி பாத்தியின் தரையை மிதித்து இறுக்குகிறார். வரப்பைச் செப்பம் செய்கிறார். உவர்நீரை ஒரு பாத்தியிலிருந்து மற்றொன்றுக்கு மடை திருப்புகிறார். ஆனால் உப்பை விளைவிப்பவர் அவர் அல்லர். வெயிலும் காற்றுமே அதனை விளைவிக்கின்றன. கடல்நீரின் செறிவு போமே அளவில் ஏறத்தாழ 3 பாகை. அது வற்றிச் செறிந்து ஏறத்தாழ 25 பாகையை எட்டும்போதுதான் உப்பு படியத் தொடங்கும். அதற்குமுன் சுண்ணமும் ஜிப்சமும் பிரிந்துவிட வேண்டும். உப்பு விளைந்தபின் எஞ்சும் நீரை ஏறத்தாழ 29 பாகைக்குமேல் விட்டுவைத்தால் மக்னீசிய உப்புகள் கலந்து கசப்பேறும். ஆகவே அந்நீரை வடித்துவிடுவர்.

முந்தினால் உப்பு இல்லை, பிந்தினால் கசப்பு. இடைப்பட்ட நாள்களில் அத்தொழிலாளி செய்யத்தக்கது மிகக் குறைவு. ஆயினும் அவர் அளத்தை விட்டு அகல்வதில்லை. பாத்தியில் இறங்கிக் கலக்கினாலும் கெடும். பாராமல் விட்டாலும் கெடும். கண் வைத்துக் கை எடுத்திருக்கும் அந்நிலையைத்தான் காத்திருத்தல் என்கிறோம். வடகிழக்குப் பருவமழை தொடங்கினால் விளைச்சல் நின்றுவிடும். 2024 நவம்பர் 30 அன்று புதுவையை ஒட்டிக் கரைகடந்த ஃபெங்கல் புயலை இக்கடற்கரை எளிதில் மறவாது. மழை வடிந்தபின் சேறு அகற்றித் தரையை மீண்டும் மிதிப்பதிலிருந்து எல்லாம் தொடங்கும்.

சாயாத பேணல் உண்டா?

செம்மண் மேட்டின் கதை வேறு. 1968 பிப்ரவரி 28 அன்று ஆரோவில் தொடங்கப்பெற்றபோது அம்மேடு பெரும்பகுதி மரமற்றுக் கிடந்தது. பெய்த மழை மேல்மண்ணை அரித்துச் செந்நிற ஓடைகளாகக் கடலுக்குக் கொண்டு சென்றது. அங்குக் குடியேறியோரும் சுற்றுச் சிற்றூர் மக்களும் கரையெடுத்து மழைநீரைத் தேக்கினர், கன்று நட்டனர், தண்ணீர் சுமந்து ஊற்றினர். கன்றுகளை ஆடு மாடு மேயாதிருக்க வேலி அடைத்தனர்.

வேலி என்னும் சொல்லில் சற்றே நிற்போம். ஆட்டைப் பேணுவோனுக்குக் கன்று தீனி. கன்றைப் பேணுவோனுக்கு ஆடு பகை. இடையன் பெயர் தாங்கிய ஊரின் எல்லையில் ஆட்டுக்கு எதிராக வேலி எழுந்தது. இருவரும் பேணுவோரே, இருவரிடத்தும் குற்றம் இல்லை. எனினும் ஒன்றைப் பேணுதல் மற்றொன்றினிடமிருந்து சற்று விலகுதலாகவே முடிகிறது. "இடையன் ஆடுகளின் பக்கம் சாய்கிறான்" என்று அச்சிறுமி எழுதியது மொழிபெயர்ப்பில் பிழை, உண்மையில் பிழையன்று. பேணும் மனம் சாயும் மனமே. தன் குழந்தையைப் பேணுபவள் அடுத்த வீட்டுக் குழந்தையைக் காணாதிருக்கலாம். தன் குலத்தைப் பேணுபவன் பிற குலத்தை இகழலாம். 'டெண்ட்' என்னும் ஒரே ஒலியில் பேணுதலும் சாய்தலும் அருகருகே இருப்பது, முதலாவது எளிதில் இரண்டாவதாக மாறிவிடும் என்பதற்கு எச்சரிக்கை போல் அமைந்திருக்கிறது.

சாயாமல் பேணுதல் மனிதர்க்கு இயலுமா? முற்றிலும் இயலாது போகலாம். ஆனால் சாய்வைக் குறைக்க ஒரு வழியை அக்காடே காட்டுகிறது. மேட்டின் பல இடங்களில் விரைந்து வளரும் அயல்நாட்டு வேல இன மரங்களை முதலில் வளர்த்தனர். அவற்றின் நிழலில், மெல்ல வளரும் இம்மண்ணுக்குரிய கருங்காலியும் காயாவும் தலையெடுத்தன. காயா, முல்லை நிலத்துப் பூ. நிழல் தந்த மரங்கள் நிலைத்து நிற்பதற்கென நடப்பட்டவை அல்ல. மண்ணின் மரங்கள் எழுந்தபின் விலக வேண்டியவை. அவற்றைச் செவிலி மரங்கள் எனலாம். நம் அகத்திணை மரபில் செவிலித்தாய் பிறர் பெற்ற மகளை மார்பில் ஏந்தி வளர்ப்பவள். அம்மகள் தான் விரும்பியவனோடு செல்லும் நாளில் வெற்றுக் கையுடன் நிற்பவள். அவளுடைய அன்பு குறைந்த அன்பு என்று எப்புலவரும் கூறவில்லை. தனக்கென்று வளர்க்காமையே அவள் சிறப்பு. 2011 டிசம்பர் 30 அன்று வீசிய தானே புயலில் இக்காட்டின் மரங்கள் ஏராளமாகச் சாய்ந்தன. நட்டவர்கள் மறுபடியும் நட்டார்கள்; மறுபடியும் காத்திருந்தார்கள்.

என் பிழை

உப்பையும் மரத்தையும் பற்றிப் பேசுவது எளிது. மனிதரைப் பேணும்போது காத்திருத்தல் எத்துணை அரிது என்பதை நான் என் அன்னையாரிடம் அறிந்தேன்.

அவருக்கு அப்போது எண்பத்தாறு வயது. காய்ச்சலுற்றுப் புதுவையில் ஒரு மருத்துவமனையில் சேர்க்கப்பட்டிருந்தார். "நோயாளி ஒருவர்க்கு அட்டெண்டர் ஒருவர் மட்டும்" என்று எழுதிய பலகையின்கீழ் நாற்காலியிட்டு இரவுபகலாக நான் இருந்தேன். கதிரவன் மறைந்தபின் உணவு கொள்ளாமை அவர் இளமைமுதல் காத்துவந்த விரதம். இரண்டாம் நாள் இரவு மாத்திரை தரும் வேளை வந்தது. வெறும் வயிற்றில் மாத்திரை கூடாது என்று செவிலியர் கூறினார். அம்மா பாதி உறக்கத்திலிருந்தார். அவருக்கு ஏதேனும் நேர்ந்துவிடுமோ என்னும் அச்சத்தில் நான் அவரைத் தூக்கிப் பிடித்துப் பால்கஞ்சியைப் புகட்டினேன். அவர் முகத்தைத் திருப்பினார். நான் விடவில்லை. குடித்தார்.

காலையில் என்னை அருகில் அழைத்தார். கடிந்து ஒரு சொல்லும் கூறவில்லை. "என் உடம்பைப் பாத்துக்கிட்டே, சரிதான்ப்பா. என்னையும் கொஞ்சம் பாத்திருக்கலாம்" என்று மட்டும் சொன்னார்.

அன்று முற்பகல் மருத்துவரிடம் நிகழ்ந்ததைக் கூறினேன். அவர் குறிப்பேட்டைப் பார்த்துவிட்டு, அந்த மாத்திரையை மாலை ஐந்து மணிக்கே தரலாம் என்று உடனே மாற்றி எழுதினார். அவ்வளவுதான். ஒரு கேள்வி கேட்டிருந்தால் போதும். ஓர் இரவு பொறுத்திருந்தால் போதும். நான் கேட்கவில்லை, பொறுக்கவும் இல்லை. ஏனெனில் அந்த இரவில் நான் பேணியது அம்மாவை அன்று. என் அச்சத்தையே பேணினேன். என் மனம் அவர்பால் நீண்டதாக எண்ணியிருந்தேன். உண்மையில் அது தன்பக்கமே சாய்ந்திருந்தது.

'பார்த்துக்கொள்' என்று தமிழில் சொல்கிறோம். அதில் பார்த்தல் முன்னும் கொள்ளுதல் பின்னும் உள்ளன. நான் பார்க்காமலே கொண்டேன்.

ஓம்பல்

இவ்விடத்தில் 'ஓம்பு' என்னும் நம் பழஞ்சொல் பேருதவி செய்கிறது. திருக்குறளில் விருந்தோம்பல் என்னும் அதிகாரத் தலைப்பால் அச்சொல் எல்லோருக்கும் அறிமுகமானது. பேணுதல், வளர்த்தல், பாதுகாத்தல் என்பன அதன் பொருள்கள். ஆனால் அகராதிகள் அதற்கு வேறொரு பொருளும் கூறும்: பரிகரித்தல், விலக்குதல். 'பழி ஓம்புக' என்றால் பழியை வளர்த்திடுக என்று பொருளன்று. அது வாராமல் காத்துக்கொள்க என்பதே பொருள். ஒரே வினை, விருந்தினர்பால் கையை நீட்டச் சொல்கிறது. தீமையினின்று கையை மடக்கச் சொல்கிறது. இலத்தீன் வேர் நீட்டுதலை மட்டும் அறியும். தமிழ் வினை நீட்டலும் மடக்கலும் ஒரே விழிப்பின் இரு செயல்கள் என்பதை அறியும்.

நம் ஆகமங்கள் இவ்விரண்டிற்கும் தனித்தனிப் பெயர் இட்டுள்ளன. நடத்தல், பேசுதல், உணவு ஏற்றல், பொருளை எடுத்தலும் வைத்தலும், கழிவகற்றல் ஆகிய ஐந்திலும் உயிர்கட்கு ஊறு நேராவண்ணம் விழிப்புடன் செயற்படுதல் ஐந்து சமிதிகள். மனம், மொழி, மெய் மூன்றையும் அடக்கிக் காத்தல் மூன்று குப்திகள். செய்யும்போது காக்கும் காப்பு சமிதி. செய்யாமல் காக்கும் காப்பு குப்தி. குப்தி என்னும் சொல்லின் பிறப்பும் கருதத்தக்கது. காத்தல் என்னும் பொருளுடைய 'குப்' என்னும் வடமொழி வேர், ஆ காப்போன் எனப் பொருள்படும் 'கோபா' என்னும் சொல்லினின்று தோன்றியது என்று அறிஞர் கூறுவர். அடக்கம் என்று நாம் கருதும் சொல்லின் அடியில் ஓர் இடையன் நிற்கிறான். அவன் எப்போதும் ஆட்டைத் தூக்கிச் சுமப்பதில்லை. பெரும்பொழுது கோலூன்றி நின்று பார்த்துக்கொண்டிருக்கிறான். ஆடு தானே மேய்கிறது.

உமாசுவாமிகளின் தத்துவார்த்த சூத்திரம் விழிப்பின்மையால் உயிர்க்கு ஊறு விளைத்தலையே கொலை என்று வரையறுக்கிறது. இல்லறத்தார்க்குரிய கொல்லாமை அணுவிரதத்தின் மீறல்களாக அந்நூல் ஐந்தைச் சுட்டுகிறது: கட்டுதல், அடித்தல், உறுப்பறுத்தல், அளவு மீறிப் பாரம் ஏற்றுதல், உணவும் நீரும் தடுத்தல். வீட்டில் வளரும் விலங்குகளை முன்னிட்டே இவற்றைப் பெரும்பாலும் விளக்குவர். ஆயினும் முதலாவதையும் இறுதியானதையும் அருகருகே வைத்துப் பாருங்கள். கட்டுதலும் மீறல், பட்டினி போடுதலும் மீறல். பேணுதல் கெடும் வழிகள் இவ்விரண்டே. ஒன்று, தன் விருப்பத்தால் பிற உயிரைக் கட்டிவிடுதல். மற்றொன்று, அதற்குரியதைத் தராமல் விட்டுவிடுதல். இரண்டுக்கும் இடையில் நிற்பவனே நல்ல மேய்ப்பன். முல்லை நிலம் குறிஞ்சிக்கும் மருதத்திற்கும் இடைப்பட்டது ஆதலின் அந்நிலத்து மாந்தர் இடையர் எனப்பட்டனர் என்று கூறுவதுண்டு. அறத்தின் நோக்கில் அவர்க்கு அப்பெயர் இன்னும் பொருந்துகிறது.

ஒரு தடை

இங்கே ஒரு தடை எழலாம். கையை மடக்குதலும் பேணுதலே என்றால், சோம்பலுக்கும் கைவிடுதலுக்கும் அது நல்ல போர்வை ஆகிவிடாதா? "அவர் விருப்பப்படி விட்டுவிட்டோம்" என்று கூறி முதிய பெற்றோரைத் தனியே விட்டுச் செல்வோர் இல்லையா? பிள்ளைகள் வெளியூரிலும் வெளிநாட்டிலும் வாழ, பெரியவர்கள் ஊரில் தனித்திருக்கும் இல்லங்கள் நம் சமுதாயத்திலும் உள்ளன. அங்கெல்லாம் குறைவது மிகைப் பேணல் அன்று.

தடை நியாயமானது. விடை 'காத்திரு' என்னும் சொல்லிலேயே இருக்கிறது. அதன் பின்பகுதி 'இரு' என்பது. கை விலகலாம்; ஆள் விலகலாகாது. அளத்தொழிலாளி பாத்தியைக் கலக்காமல் நிற்கிறார், ஆனால் நிற்கிறார். ஆள் இருந்து கை ஓய்ந்தால் அது ஓம்பல். ஆள் அகன்று கை ஓய்ந்தால் அது கைவிடல். வெளியிலிருந்து நோக்குவோர்க்கு இரண்டும் ஒன்றுபோலத் தோன்றலாம். படுக்கையில் கிடப்பவருக்கு வேறுபாடு தெரியும். பணம் அனுப்புதல் வேண்டும், மருந்து வாங்கித் தருதல் வேண்டும். ஆனால் அவை இருத்தலுக்கு ஈடாகா. தொலைவில் வாழ்வோர் நாள்தோறும் ஒரு குறித்த நேரத்தில் தொலைபேசியில் அழைத்து, அறிவுரை கூறாமல், அவர் சொல்வதைக் கேட்டிருந்தால் அதுவும் ஒருவகை இருத்தலே.

நம் அறநூல்கள் தொண்டினை வையாவிருத்தியம் என்று பெயரிட்டு, ஆறு அகத்தவங்களுள் ஒன்றாக வைத்தன. ஆசாரியர், உபாத்தியாயர், தவத்தோர் முதலாகத் தொண்டுக்கு உரியோராக எண்ணப்பட்ட பதின்மருள் நோயுற்றோரும் ஒருவர். தொண்டினைத் தவம் என்றது ஏன்? புகழுக்கோ நன்றிக்கோ செய்யும் பணி வினையைச் சேர்க்கும். தன் விருப்பத்தின் இழுப்பை எரித்துக்கொண்டு செய்யும் பணியே வினையை உதிர்க்கும். நோயாளியின் அருகே அமர்ந்து, நம் அச்சத்தையும் நம் அவசரத்தையும் அடக்கிக்கொண்டு அவரையே பார்த்திருப்பது உண்ணாநோன்பினும் எளிதன்று என்பதை அமர்ந்து பார்த்தோர் அறிவர்.

எண்ணியவர் யார்?

இதன் உச்சநிலையைச் செஞ்சிக்கு அருகிலுள்ள திருநாதர்குன்றில் காணலாம். இருபத்துநான்கு தீர்த்தங்கரர் உருவங்கள் செதுக்கப்பட்ட பாறையுடைய அக்குன்றினை நம் வாசகர்களிற் பலர் வலம் வந்திருப்பர். அங்கே, கி.பி. 6ஆம் நூற்றாண்டளவினது என்று அறிஞர் கருதும் சிறு கல்வெட்டொன்று உண்டு. சந்திரநந்தி ஆசிரியர் ஐம்பத்தேழு நாள் உண்ணாநோன்பிருந்து உயிர்நீத்த இடம் அது என்பதே அதன் செய்தி. இளையபடாரர் என்பார் முப்பது நாள் நோற்றமையைக் கூறும் மற்றொரு கல்வெட்டும் அங்குண்டு.

சல்லேகனையைப் பற்றிய வழக்கில் 2015 ஆகஸ்டு 10 அன்று ராஜஸ்தான் உயர் நீதிமன்றம் அதனைக் குற்றமாகக் கருதித் தீர்ப்பளித்ததையும், அம்மாதம் 31 அன்று உச்ச நீதிமன்றம் அத்தீர்ப்புக்கு இடைக்காலத் தடை விதித்ததையும் நாம் அறிவோம். அவ்வழக்கின் வாதங்களுள் நுழைவது இங்கு நோக்கமன்று. நோற்றவரைப் பற்றி நாம் நிரம்பப் பேசியிருக்கிறோம். உடனிருந்தவரைப் பற்றிச் சிறிது எண்ண வேண்டும் என்பதே என் விண்ணப்பம்.

சல்லேகனை ஏற்பவர் தனியே விடப்படுவதில்லை. சிவாரியர் இயற்றிய பகவதி ஆராதனை, நோற்பவர்க்குத் துணைநிற்கும் முனிவர்களை நிர்யாபகர் என்று குறித்து, அவர் தொகையை 48 என்று கூறுகிறது. இடத்திற்கும் காலத்திற்கும் ஏற்பக் குறையலாம் என்றும் இசைகிறது. எழுப்புதல், அமர்த்துதல், படுக்கச் செய்தல், அறவுரை கூறுதல், கழிவகற்றுதல், வாயிலில் காவலிருத்தல் என அவர்கள் பணியைப் பகுத்துக்கொள்வர். புகட்டுவதும் இல்லை, கைவிடுவதும் இல்லை. ஒருவர் தம் வழியில் செல்லும்போது அவரை இழுக்காமலும் தள்ளாமலும் உடன்செல்லும் அந்நிலையினும் அரிய பேணல் உண்டோ?

ஐம்பத்தேழு என்னும் எண்ணையே சிந்தித்துப் பாருங்கள். அந்த எண்ணைச் சந்திரநந்தி ஆசிரியர் தாமே பொறித்திருக்க இயலாது. யாரோ ஒருவர் ஒவ்வொரு நாளும் அங்கே இருந்திருக்கிறார். ஒவ்வொரு விடியலையும் எண்ணியிருக்கிறார். அவர் பெயர் நமக்குக் கிடைக்கவில்லை. அவர் விட்டுச் சென்றது அந்த எண் ஒன்றே. ஏறத்தாழ ஆயிரத்து நானூறு ஆண்டுகளுக்கு மேலாகப் பாறையில் நிற்கும் அவ்வெண்ணை, ஆங்கிலச் சொல்லின் மூலப்பொருளிலேயே ஒரு 'அட்டெண்டன்ஸ்' எனலாம்.

என் அன்னையார் அம்மருத்துவமனையிலிருந்து நலமுடன் திரும்பி மேலும் ஓராண்டு வாழ்ந்தார். அந்த ஓராண்டில் நான் மாலை ஐந்து மணிக்கு அவருக்கு உணவு வைத்துவிட்டு, கதிரவன் மறையும்வரை அவருடன் திண்ணையில் அமர்ந்திருக்கக் கற்றுக்கொண்டேன். பேசுவது குறைவு. அவருக்குப் பெரும்பாலும் எதுவும் தேவைப்படவில்லை. ஆயினும் நான் எழுந்து உள்ளே சென்றால், "எங்கே போறே?" என்பார்.

இடையஞ்சாவடிச் சிறுமிக்கு இனி என் விடையை எழுதலாம் என்று எண்ணுகிறேன். "கண்ணே, சாய்வதும் பார்த்துக்கொள்வதும் ஒரே வேரில் வந்தவைதாம். ஆனால் ஒன்றல்ல. சாய்பவன் தன் பாரத்தை மற்றவர்மேல் வைக்கிறான். பார்த்துக்கொள்பவன் தன் காலில் நிற்கிறான். உன் வாக்கியத்தை நான் திருத்துவதாயின் இப்படி எழுதுவேன்: இடையன் ஆடுகளோடு காத்திருக்கிறான்."